பென்ஷன் பணம் லேட்டா? வட்டியையும் சேர்த்துக் கேளுங்க!

கடைசி நாளன்று மாலை, சால்வை. காபி, மிக்சர். நாலு பேர் பேசி, ஆட்டோவில் ஏற்றி அனுப்பி விடுகிறார்கள். அதோடு சரி!

மறு மாதமே அலைச்சல் ஆரம்பம். "பைல் தேனாம்பேட்டை ஏ.ஜி. ஆபீசுக்குப் போயிருக்கு சார்." "கிளார்க் லீவு சார்." "அடுத்த வாரம் வாங்க சார்."

மகள் கல்யாணத்துக்கு நம்பியிருந்த கிராஜுவிட்டி வரவில்லை. வெளியே வட்டிக்குக் கடன் வாங்குகிறார். ஒரு வழியாகப் பணம் வந்ததும், "வந்ததே பெரிசு" என்று கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டு போகிறார்.

அங்கேதான் ஏமாந்து போகிறோம்!

ஒரே ஒரு காகிதம்

கேரளத்தில் ஓர் ஊழியர் 1973 மே மாதம் ஓய்வு பெற்றார். பணம் கைக்கு வந்தது 1975 ஆகஸ்டில். காரணம்? கடைசி சம்பளச் சான்றிதழ் என்ற ஒரே ஒரு காகிதம். மாவட்ட கருவூல அதிகாரி அதைக் கொடுக்காமல் இழுத்தடித்தார்.

மனிதர் விடவில்லை. 12 சதவீத வட்டி கேட்டு வழக்குப் போட்டார். மாவட்ட கோர்ட்டு 6 சதவீதம் கொடுத்தது. ஐகோர்ட்டும் அதையே உறுதி செய்தது. கேரள அரசு சுப்ரீம் கோர்ட்டுக்குப் போயிற்று.

1984 டிசம்பரில் தீர்ப்பு வந்தது. பென்ஷனும் கிராஜுவிட்டியும் சர்க்கார் போடும் தர்மம் அல்ல, ஊழியரின் சொத்து. ஓய்வு பெற்று 2 மாதம் தாண்டினால் மார்க்கெட் வட்டி கொடுக்க வேண்டும். தப்புச் செய்த அதிகாரியிடம் அந்த நஷ்டத்தை வசூலிப்பதா என்று அரசு முடிவு செய்யலாம் என்றும் நீதிபதிகள் சொன்னார்கள்.

ஆனால் அவருக்குக் கிடைத்தது 6 சதவீதம்தான்! 12 கொடுக்க நீதிபதிகளுக்கு மனசு இருந்தது. 6 போதாது என்று அவர் ஐகோர்ட்டில் ஆட்சேபம் சொல்லவில்லை. அதனால் கூட்டிக் கொடுக்க வழியில்லை என்று விட்டுவிட்டார்கள்.

கேட்காமல் விட்டால் கிடைக்காது. இதுதான் பாடம்.

எத்தனை சதவீதம்?

ஒரே அளவு கிடையாது. 2000-ல் உத்தரப்பிரதேச வழக்கு ஒன்றில் சுப்ரீம் கோர்ட்டு 18 சதவீதம் கொடுத்தது. 2021-ல் ஆந்திர வழக்கில் 12 சதவீதத்தை 6 ஆகக் குறைத்தது. மத்திய அரசு ஊழியர்களுக்கு, தாமதம் நிர்வாகத்தின் தப்பு என்று தெரிந்தால், ஜி.பி.எப். வட்டி விகிதம்.

"வட்டிக்கு விதியே இல்லை" என்று கைவிரிக்கிறார்களா? விதி இல்லாவிட்டாலும் கேட்கலாம் என்று அரியானா வழக்கில் 2008-லேயே சொல்லியாகிவிட்டது.

துறை விசாரணை நிலுவையில் இருந்தால் கதை வேறு. விதிப்படி கிராஜுவிட்டியை நிறுத்தி வைக்கலாம். ஆனால் விதி இல்லாமல் வெறும் ஆர்டரை வைத்து நிறுத்த முடியாது. இது 2013 ஜார்க்கண்ட் வழக்குத் தீர்ப்பு.

எங்கே போவது?

முதலில் துறைத் தலைவருக்குப் பதிவுத் தபாலில் மனு. ஓய்வு பெற்ற தேதி, வர வேண்டிய தொகை, வட்டி மூன்றும் அதில் இருக்கட்டும். ஒப்புகைச் சீட்டு பத்திரம்!

பைல் எந்த மேஜையில் தூங்குகிறது? தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டிக் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும்.

அதற்கும் அசையவில்லையா? தமிழக அரசு ஊழியர்கள் ஐகோர்ட்டில், சென்னையிலோ மதுரைக் கிளையிலோ, ரிட் மனு போடலாம். மத்திய அரசு, ரெயில்வே ஊழியர்களுக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். மனுவுக்கு 6 மாதம் பதில் இல்லை என்றால், அதிலிருந்து ஓராண்டுக்குள் போக வேண்டும். கிராஜுவிட்டி சட்டத்தில் வரும் நிறுவன ஊழியர்களுக்கு 30 நாள்தான் கெடு. தாண்டினால் தொழிலாளர் துறையில் அதற்கென்று உள்ள அதிகாரியிடம் மனு.

கரண்டு பில் ஒரு நாள் தவறினால் நம்மிடம் அபராதம் கேட்கிறார்கள். நம்ம பணத்தை வருஷக்கணக்கில் வைத்திருந்தால், நாம ஏன் வாயைத் திறக்கக் கூடாது?