எனக்கு மட்டும் கேட்கும் சத்தம்

மார்கழிக் குளிரிலும் எங்கள் வீட்டில் மின்விசிறி ஓடும். அது நின்றால் என் இடது காதுக்குள் இருக்கும் 'ஙொய்' என்ற கூவல் அறை முழுக்க நிறைந்துவிடும். மனைவி ஒன்றும் சொல்லாமல் கம்பளியை இழுத்துப் போர்த்திக்கொள்வாள். அவளுக்கு அது கேட்காது. யாருக்கும் கேட்காது. காய்ச்சல் என்றால் நெற்றியைத் தொட்டுப் பார்க்கிறார்கள், கையில் மாவுக்கட்டு இருந்தால் பேருந்தில் இடம் விடுகிறார்கள். காது இரைச்சலை எதைக் காட்டி நம்பவைப்பது?

உட்காதில் இருக்கும் நுண்ணிய மயிர்ச் செல்கள் வயதாலோ, பேரிரைச்சலாலோ, சில மருந்துகளாலோ சிதைந்தால் திரும்ப முளைப்பதில்லை. அங்கிருந்து வரும் சேதி குறைந்ததும், மூளை தன் பங்குக்கு ஒலியைக் கூட்டிவைத்துக்கொண்டு தேடுகிறது என்பது இன்று பலரும் ஏற்கும் விளக்கம். பயப்படப் பயப்பட அது இன்னும் உற்றுக் கேட்கும். தூக்கம் கெடும். அந்த எரிச்சல் காலையில் பிள்ளைகள் மேல் இறங்கும்.

செக் இசைமேதை ஸ்மெதனா 1874இல் செவித்திறனை இழந்தார். 1876இல் 'என் வாழ்விலிருந்து' என்று நான்கு தந்தி வாத்தியங்களுக்கு ஓர் இசை எழுதினார். கடைசிப் பகுதியில் ஆட்டமும் களிப்புமாகப் போகும் இசை சட்டென்று அறுந்து, முதல் வயலின் உச்சத்தில் ஒரே சுரத்தை இழுத்துப் பிடிக்கிறது. தன் காதுக்குள் கூவியது அதுதான் என்று அவரே எழுதியிருக்கிறார். அதை முதலில் கேட்டபோது எனக்கு அழுகை வந்தது. மனைவியைக் கூப்பிட்டு, "இதோ, இப்படித்தான்" என்றேன்.

"நாள் பூராவுமா?" என்று கேட்டாள்.

"ஒண்ணும் பண்ண முடியாது, பழகிக்கோங்க" என்று இரண்டு நிமிடத்தில் அனுப்பிவிடும் மருத்துவர்கள் மேல் எனக்குக் கோபம் உண்டு. பழகுவது மெய்யாகவே ஒரு சிகிச்சை. ஆனால் அதை உட்கார்ந்து சொல்லித்தர ஆள் வேண்டும். அறிதல் நடத்தைச் சிகிச்சை இந்த இரைச்சல் தரும் வேதனையைக் குறைக்கிறது என்று ஆய்வுகள் காட்டியிருக்கின்றன. காது மந்தமானவர்களில் பலருக்குக் காதுக் கருவியே ஆறுதல் தரும். ஒரு காதில் மட்டும் கேட்டாலோ, நாடித் துடிப்போடு சேர்ந்து கேட்டாலோ கட்டாயம் சோதிக்க வேண்டும். திடீரென்று காது அடைத்துக் கேட்காமல் போனால் அன்றைக்கே ஓட வேண்டும். எனக்கு ஒரு பக்கம் என்பதால் ஸ்கேன் எடுத்தார்கள். கட்டி எதுவும் இல்லை.

குமாரபாளையத்தில் ஆயுள் முழுக்க விசைத்தறி ஓட்டிய என் சித்தப்பாவிடம் இதையெல்லாம் சொன்னேன். "எனக்கும் ரொம்ப வருசமா கேக்குது கண்ணு. தறிச் சத்தம் காதுலயே தங்கிருச்சுன்னு விட்டுட்டேன்" என்றார். சித்தியிடம்கூடச் சொன்னதில்லையாம். அடுத்த வாரம் அவரைக் கேள்திறன் பரிசோதனைக்கு அழைத்துப் போகிறேன்.