கோடை வெஞ்சனத்துக்கு அடுப்பு எதுக்கு?



பங்குனி வெயில் ஆரம்பித்துவிட்டது. இனி சித்திரை, அப்புறம் அக்னி நட்சத்திரம். வெயில் பற்றி எழுதச் சொன்னால் மரம் நடுவோம், தண்ணீரைச் சேமிப்போம், தர்பூசணி சாப்பிடுவோம் என்று எல்லோரும் எழுதுவோம். அதெல்லாம் நல்ல கருத்துதான். ஆனால் நான் இந்தத் தடவை ஒரு கேள்வியோடு ஆரம்பிக்கிறேன். மத்தியானம் பன்னிரண்டு மணிக்கு ஊரிலேயே ரொம்பச் சூடான இடம் எது? தார் ரோடு என்பீர்கள். இல்லை. சிமெண்ட் ஷீட் போட்ட அடுப்படிதான். மேலே வெயில், கீழே நெருப்பு, நடுவில் நம் அம்மா.

காலையிலேயே சோறு வடித்தாகிவிடும். மோரும் இருக்கும். அம்மா பருத்தி எடுத்துவிட்டோ, சூளை வேலை முடித்தோ வந்து அப்பாடா என்று உட்காருவார்கள். அப்போது வீட்டில் யாராவது ஒருத்தர் தட்டைப் பார்த்துவிட்டு, "வெறும் மோர்ச்சோறா? தொட்டுக்க ஒண்ணுமில்லையா?" என்பார்கள். அந்த ஒரு கேள்வி போதும். அம்மா எழுந்து போய் மறுபடியும் அடுப்பைப் பற்ற வைப்பார்கள். உருளைக்கிழங்கு வறுவலோ, அப்பளமோ, வத்தலோ பொரியும். நாம் விசிறிக்கொண்டு சாப்பிடுவோம்.

போன சித்திரையில் எங்கள் தெருவில் ஒரு அத்தை அப்பளம் பொரிக்கும்போது தலை சுற்றி விழுந்துவிட்டார்கள். எண்ணெய்ச் சட்டி மேலே விழாமல் சுவர்ப் பக்கம் சாய்ந்ததால் தப்பித்தார்கள். தண்ணீர் தெளித்து, உப்புப் போட்ட மோர் கொடுத்து உட்கார வைத்தோம். எல்லோரும் வெயிலைத் திட்டினார்கள். நான் கேட்கிறேன், வெயில் மட்டுமா காரணம்? அந்த நேரத்தில் அப்பளம் கேட்டது யார்?

ஆகவே என் கருத்து இதுதான். கோடை முடிகிற வரைக்கும் மத்தியான வெஞ்சனத்தை அடுப்பு இல்லாமல் செய்வோம். அதை அம்மா செய்ய வேண்டாம், நாம் செய்வோம். நாம் என்றால் பையன்களும் சேர்த்துத்தான்.

எங்கள் வீட்டில் அப்பத்தா இதை "ஊறல் காய்" என்று சொல்வார்கள். நாலு பேருக்கு அளவு சொல்கிறேன். வெள்ளரிக்காய் இரண்டு, கேரட் ஒன்று, சின்ன வெங்காயம் பத்து, புளிப்பு மாங்காய் பாதி, பச்சை மிளகாய் ஒன்று, எலுமிச்சம்பழம் ஒன்று, உப்பு ஒரு டீஸ்பூன், கொத்தமல்லித் தழை கொஞ்சம். எல்லாவற்றையும் நல்ல தண்ணீரில் இரண்டு மூன்று தடவை கழுவ வேண்டும். வெள்ளரிக்காயின் காம்புப் பக்கம் ஒரு துண்டு வெட்டி வாயில் வைத்துப் பாருங்கள். கசந்தால் அந்தக் காய் வேண்டாம். பிறகு எல்லாம் மெல்லிசாக நறுக்கி, உப்பைப் போட்டுப் பிசறிக் கால் மணி நேரம் வைத்துவிட வேண்டும்.

திரும்பி வந்து பார்த்தால் பாத்திரத்தில் தண்ணீர் நிற்கும். நாம் ஊற்றவில்லையே, எங்கிருந்து வந்தது? அறிவியல் பாடத்தில் சவ்வூடு பரவல் படித்தோம் அல்லவா, அதுதான் இது. வெளியே உப்பு அதிகமாக இருப்பதால் காயின் செல்லுக்குள் இருக்கிற தண்ணீர் வெளியே வருகிறது. நூறு கிராம் வெள்ளரிக்காயில் சுமார் 95 கிராம் தண்ணீர்தான். தண்ணீர் கொஞ்சம் வெளியேறியதும் காய் துவண்டு, எலுமிச்சைச் சாற்றை நன்றாகப் பிடித்துக்கொள்ளும். அந்த உப்புத் தண்ணீரைக் கீழே கொட்டிவிடாதீர்கள். மோரில் ஊற்றினால் மோருக்குத் தனியாக உப்பு வேண்டாம். வடித்த காயில் எலுமிச்சையைப் பிழிந்து, கொத்தமல்லி தூவி, ஒரு ஸ்பூன் நல்லெண்ணெய் விட்டுக் கிளறுங்கள். எண்ணெய் ருசிக்கு மட்டும் இல்லை. கேரட்டில் இருக்கிற சத்து கொழுப்போடு சேர்ந்தால்தான் உடம்பில் நன்றாகச் சேரும். எலுமிச்சையில் இருக்கிற வைட்டமின் சி சூட்டில் குறைந்துவிடும். இதில் அடுப்பே இல்லாததால் அந்தக் கவலையும் இல்லை.

"எங்க வீட்டுல ஃபிரிட்ஜ் இல்லையே, எப்படிச் சில்லுனு ஆகும்?" என்று கேட்பீர்கள். எங்கள் வீட்டிலும் இல்லை. அதற்கு மண் இருக்கிறது. ஒரு பெரிய மண்பானை, அதற்குள் வைக்க ஒரு சின்னப் பானை. பெயிண்ட், மெருகு எதுவும் அடிக்காத பானையாக இருக்க வேண்டும். இரண்டுக்கும் நடுவில் மணலைப் போட்டு, மணல் நனையத் தண்ணீர் ஊற்றுங்கள். காயை எவர்சில்வர் கிண்ணத்தில் போட்டு மூடி உள்பானைக்குள் வைத்து, மேலே ஈரத் துணியைப் போட்டு, காற்று வருகிற நிழலில் ஒரு மணி நேரம் விட்டுவிடுங்கள். மணலில் இருக்கிற தண்ணீர் பானையின் நுண்துளை வழியாகக் கசிந்து ஆவியாகும். ஆவியாவதற்கு வேண்டிய வெப்பத்தை அது பானையில் இருந்தே எடுத்துக்கொள்ளும். அதனால்தான் உள்ளே குளிர்கிறது. அலுமினியப் பாத்திரம் மட்டும் வேண்டாம். எலுமிச்சையின் அமிலம் அதில் பட்டால் ஆகாது.

இந்த இரட்டைப் பானையை 1995இல் நைஜீரியாவில் செய்து காட்டியவர் ஒரு ஆசிரியர். அவர் பெயர் முகமது பா அப்பா. பானை செய்கிற குடும்பத்தில் பிறந்தவர். சாதாரணமாக மூன்று நாளில் வாடுகிற கத்தரிக்காய் அவர் பானையில் 27 நாள் வரை தாங்கியது. அதற்காக 2000இல் அவருக்கு ரோலக்ஸ் விருது கொடுத்தார்கள். விருதைவிட எனக்குப் பிடித்த செய்தி வேறு. காய் கெட்டுப்போகும் என்று தினமும் விற்கப் போய்க்கொண்டிருந்த பெண்பிள்ளைகளில் பலர், பானை வந்த பிறகு பள்ளிக்கூடம் போக முடிந்தது. ஒரு பானை ஒரு பெண்ணின் நேரத்தை மிச்சம் பிடித்துக் கொடுக்கும் என்றால் அது சின்ன விஷயமா?

நம் சிவகங்கை மாவட்டத்து மானாமதுரையில் செய்கிற மண்பாண்டத்துக்கு 2023இல் புவிசார் குறியீடு கிடைத்தது. நைஜீரியாவில் பானையைத் தேடினார்கள். நமக்குப் பக்கத்திலேயே பானை இருக்கிறது. நாம்தான் பிளாஸ்டிக் பாட்டிலைத் தேடுகிறோம்.

உண்மையையும் சொல்லிவிடுகிறேன். இது ஐஸ் மாதிரி ஜில்லென்று ஆகாது. தொட்டால் குளுகுளு என்று இருக்கும், அவ்வளவுதான். காற்று காய்ந்து அடித்தால் நன்றாகக் குளிரும். கடலோரத்தில் ஈரக்காற்று இருப்பதால் குறைவாகத்தான் குளிரும். ஃபிரிட்ஜ் அளவுக்குக் குளிராததால் நறுக்கிய காயை ராத்திரி வரைக்கும் வைக்கக் கூடாது. ஊறியதும் எடுத்து அந்த வேளையிலேயே சாப்பிட்டு முடித்துவிட வேண்டும். உப்பும் எலுமிச்சையும் இருக்கிறதே, கிருமி வராது என்று நினைக்காதீர்கள். கை, கத்தி, தண்ணீர் மூன்றும் சுத்தமாக இருக்க வேண்டும். மீன் நறுக்கிய அரிவாள்மனையில் அப்படியே இதையும் நறுக்கக் கூடாது. இரத்தக் கொதிப்பு இருக்கிற தாத்தா பாட்டிக்கு உப்பைக் குறைத்துத் தனியாக எடுத்து வையுங்கள்.

இனி மறுப்பு சொல்கிறவர்களுக்கு வருகிறேன். "சளி பிடிக்கும்" என்று பெரியவர்கள் சொல்வார்கள். சளியும் ஜலதோஷமும் பெரும்பாலும் வைரஸால் வருகிறது என்று படித்திருக்கிறோம். பானைத் தண்ணீர் குடித்துச் சளி பிடிக்காத நமக்குப் பானையில் வைத்த வெள்ளரிக்காயால் மட்டும் பிடித்துவிடுமா? "பச்சைக் காயில் சோறு இறங்காது" என்று அண்ணன்மார் சொல்வார்கள். மாங்காயும் மிளகாயும் சேர்ந்து ஊறியதைக் கம்மங்கூழோடு ஒரு தடவை தொட்டுச் சாப்பிட்டுவிட்டுச் சொல்லுங்கள்.

மூன்றாவது மறுப்புதான் பெரியது. "ஆம்பிளைப் பிள்ளைக்கு அரிவாள்மனை எதுக்கு?" என்பது. எங்கள் வகுப்பில், வீட்டில் காய் நறுக்குகிறவர்கள் கை தூக்குங்கள் என்று கேட்டேன். பெண்கள் பக்கம் எல்லாக் கையும் தூக்கியது. பையன்கள் பக்கம் ஒன்றிரண்டு கைதான், அதுவும் பாதி உயரத்துக்கு. பக்கத்தில் இருந்தவன் சிரித்ததும் அதுவும் இறங்கிவிட்டது. நண்பர்களே, கல்யாணப் பந்திக்கு வெள்ளரிப் பச்சடி போடுகிறவர் யார்? புரோட்டா வீசுகிறவர் யார்? எல்லோரும் ஆண்கள்தானே. அவர்களை மாஸ்டர் என்று மரியாதையாகக் கூப்பிடுகிறோம். பந்திக்கு நறுக்கினால் மாஸ்டர், பெற்ற தாய்க்கு நறுக்கினால் வெட்கமா?

2019இல் மத்திய அரசு மக்களின் நேரப் பயன்பாட்டைக் கணக்கெடுத்தது. வீட்டு வேலை செய்கிறவர்களில் பெண்கள் ஒரு நாளைக்கு 299 நிமிடமும் ஆண்கள் 97 நிமிடமும் சம்பளமில்லாத அந்த வேலைக்குச் செலவழிக்கிறார்கள் என்று தெரிந்தது. 299 நிமிடம் என்றால் கிட்டத்தட்ட ஐந்து மணி நேரம். நம் பள்ளிக்கூடத்து ஏழு பீரியடுக்கு அது வந்துவிடும். நமக்காவது நடுவில் இன்டர்வல் பெல் அடிக்கிறது.

தோழிகளுக்கும் ஒரு வார்த்தை. "சரி, இனிமே நானே செஞ்சிடுறேன்" என்று நீங்கள் மட்டும் கிளம்பிவிடாதீர்கள். அம்மாவின் வேலை மகள் தலையில் ஏறினால் அதற்குப் பெயர் மாற்றம் இல்லை. தம்பியைக் கழுவச் சொல்லுங்கள், அண்ணனை நறுக்கச் சொல்லுங்கள், நீங்கள் உப்பும் எலுமிச்சையும் பாருங்கள், மணலுக்குத் தண்ணீர் ஊற்ற அப்பாவைக் கூப்பிடுங்கள். நாலு பேர் சேர்ந்தால் சீக்கிரம் முடிந்துவிடும். இதில் நெருப்பு இல்லை, கொதிக்கிற எண்ணெய் இல்லை. கத்தியில் மட்டும் கவனம் இருந்தால் ஆறாம் வகுப்புத் தம்பிகூடப் பெரியவர்கள் பக்கத்தில் இருக்கும்போது செய்யலாம். "எனக்குச் சமைக்கத் தெரியாது" என்று யாரும் தப்பிக்க முடியாது. ஏனென்றால் இது சமையலே இல்லை!

நிறைவாக ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். முழு ஆண்டுத் தேர்வுக்கு முன்னால் ஒரு வெள்ளிக்கிழமை கடைசி பீரியடை எங்களுக்குக் கொடுங்கள். இரண்டு பானையும் மணலும் நான் கொண்டுவருகிறேன். வகுப்புக்கு ஒரு காய் கொண்டுவந்தால் போதும். வேப்பமரத்தடியில் வைத்துச் செய்து பார்ப்போம். சவ்வூடு பரவலும் ஆவியாதலும் அன்றைக்கு யாருக்கும் மறக்காது. நறுக்குவது மட்டும் பையன்கள் பொறுப்பு.

இதற்குச் சம்மதம் உள்ளவர்களும், இல்லை என்று வாதாடுகிறவர்களும் கீழே ஒட்டியிருக்கிற வெள்ளைத் தாளில் பெயரும் வகுப்பும் போட்டு எழுதுங்கள். எழுதிவிட்டு இன்றைக்கு வீட்டுக்குப் போகும்போது ஒரு எலுமிச்சம்பழம் வாங்கிக்கொண்டு போங்கள்.



இப்படிக்கு,
ஒன்பதாம் வகுப்பு மாணவி