தகுதிக்குச் சோறு போட்டது யார்?

தில்லித் தமிழர்களுக்கு ஒரு கேள்வி அலுத்துப்போகும் அளவுக்குப் பழக்கமானது. அலுவலகத்தில் சாப்பாட்டு நேரத்தில் கேட்பார்கள். கல்யாண வீட்டுப் பந்தியில் கேட்பார்கள். "எல்லாவற்றிலும் இடஒதுக்கீடு வேண்டும் என்கிறீர்களே, கிரிக்கெட் அணியிலும் கேட்பீர்களா? அங்கே தகுதி மட்டும்தானே செல்லும்?" கேட்டுவிட்டு, எதிராளியின் வாயை அடைத்துவிட்ட பெருமிதத்தோடு காப்பியை உறிஞ்சுவார்கள். கேட்பவர்கள் வடநாட்டார் மட்டும் என்றால் வருத்தமில்லை. இடஒதுக்கீட்டின் ஏணியில் ஏறி, தில்லிக்கு வந்து, குவார்ட்டர்ஸ் வாங்கி, ஓய்வூதியமும் பெறுகிற நம்மவர்களிலும் சிலர் கேட்கிறார்கள்!

சரி நண்பர்களே, ஆட்டக்களத்துக்கே போவோம். அதுவும் பஞ்சுமெத்தை ஆட்டமல்ல. எலும்பு முறிகிற ஆட்டம். ரக்பி.

ரக்பியில் ஓர் அணிக்கு 15 பேர். அதில் 8 பேர் ஃபார்வர்டுகள், முன்வரிசை ஆட்டக்காரர்கள். தோளோடு தோள் கோத்து எதிரணியை முட்டித் தள்ளுவதும், மண்ணில் விழுந்து பந்தைப் பிடுங்குவதும், ஓடிவருகிறவனை மார்பால் தடுப்பதும் இவர்கள் வேலை. பந்தைத் தூக்கிக்கொண்டு ஓடிக் கைதட்டல் வாங்குகிறவர்கள் பெரும்பாலும் பின்வரிசைக்காரர்கள். உழைப்பு ஒருவனுக்கு, புகழ் இன்னொருவனுக்கு என்பது நமக்குப் புதிதா என்ன?

அந்த முன்வரிசையில் நிற்கும் ஒருவர் சியா கோலிசி. 1991 ஜூன் 16 அன்று, தென் ஆப்பிரிக்காவின் போர்ட் எலிசபெத் நகரை ஒட்டிய ஸ்வீடே என்னும் கறுப்பர் குடியிருப்பில் பிறந்தவர். அவர் பிறந்த மறுநாள்தான், மனிதனை நிறம் பார்த்துப் பதிவேட்டில் எழுதிய சட்டத்தை நீக்கத் தென் ஆப்பிரிக்க நாடாளுமன்றம் வாக்களித்தது. ஒரு நாள் முன்பு பிறந்த குழந்தைக்கு அந்தச் சட்டத்தின் கீழ் ஒரு முத்திரை. மறுநாள் அந்த முத்திரைக்கே முடிவுரை. ஆனால் சட்டம் செத்தால் பசி செத்துவிடுமா?

கோலிசியின் பாட்டி பிறர் வீட்டுச் சமையலறைகளைச் சுத்தம் செய்து அவரை வளர்த்தார். விளையாட்டுக் கார் வாங்கப் பணமில்லாததால் செங்கல்லைக் காராக ஓட்டி விளையாடிய பையன் அவர். பள்ளியில் கொடுத்த ரொட்டிதான் பல நாட்களில் ஒரே உணவு. முதல் தேர்வுப் போட்டிக்கு முறையான கால்சட்டை இல்லாமல் உள்ளாடையோடு வந்து நின்றார். 12 வயதில் ஒரு சிறுவர் போட்டியில் அவரைக் கண்ட ஒருவர் கிரே பள்ளியில் உதவித்தொகையோடு இடம் வாங்கிக் கொடுத்தார். 1856இல் தொடங்கிய அந்தப் பள்ளி நிறவெறிக் காலத்தில் வெள்ளைப் பிள்ளைகளின் கோட்டை. அங்கே அவருக்கு வேளாவேளைக்கு உணவு கிடைத்தது; பாதத்துக்கு பூட்ஸ் கிடைத்தது; ஆடப் புல்தரை கிடைத்தது. 2007இல் தென் ஆப்பிரிக்கா உலகக் கோப்பை இறுதிப் போட்டியில் ஆடியபோது வீட்டில் தொலைக்காட்சி இல்லாததால் ஒரு மதுக்கடையில் நின்று பார்த்தார்.

அந்தப் பையன் 2013 ஜூனில் ஸ்காட்லாந்துக்கு எதிராக நாட்டு அணியில் முதன்முதலாக இறங்கினார். மாற்று ஆட்டக்காரராக வந்தவர் அன்றைய ஆட்டநாயகன் ஆனார். 2018இல் அணித்தலைவரானார். 2019 நவம்பர் 2 அன்று யோகோஹாமாவில் இங்கிலாந்தை 32-12 என்று வீழ்த்திக் கோப்பையைத் தூக்கினார். 2023 அக்டோபர் 28 அன்று பாரிசில் நியூசிலாந்தை 12-11 என்று ஒரே ஒரு புள்ளியில் வென்று மறுபடியும் தூக்கினார்.

இனி நம் கேள்வி. தென் ஆப்பிரிக்க ரக்பி அணி முதல் சர்வதேசப் போட்டி ஆடியது 1891இல். டெஸ்ட் போட்டியில் அதற்குக் கறுப்பர் ஒருவர் தலைமை ஏற்றது 2018இல். இடையில் 127 ஆண்டுகள்! இந்த 127 ஆண்டுகளில் கறுப்பர்களில் தலைமைக்குத் தகுதியுள்ள ஒருவர்கூடப் பிறக்கவில்லையா? கிழக்குக் கேப் பகுதிக் கறுப்பர்கள் மிஷன் பள்ளிகள் வழியாக 19ஆம் நூற்றாண்டிலேயே ரக்பி கற்றவர்கள். தங்களுக்கென்று சங்கங்கள் அமைத்து, மேடும் பள்ளமுமான கட்டாந்தரையில் தலைமுறை தலைமுறையாக ஆடியவர்கள். நிறப்பிரிவினையை ஏற்காத ரக்பியை அங்கே வளர்த்த டான் கேகேயின் பெயரில் ஸ்வீடேயில் இன்றும் ஒரு மைதானம் இருக்கிறது. தகுதிக்குப் பஞ்சமில்லை. தகுதியை அளக்கும் தராசு வெள்ளையர் கையில் இருந்தது.

நாட்டு அணிக்குள் முதல் கறுப்பின ஆட்டக்காரராக எரல் டோபையஸ் நுழைந்தது 1981இல்தான். 1995இல் மண்டேலா 6ஆம் எண் சட்டை அணிந்து வந்து கோப்பையைக் கொடுத்த அந்தப் புகழ்பெற்ற நாளில், களமிறங்கிய 15 பேரில் வெள்ளையர் அல்லாதவர் ஒரே ஒருவர்: செஸ்டர் வில்லியம்ஸ். 2007 இறுதிப் போட்டியில் தொடக்க அணியில் இருவர். 2019 இறுதிப் போட்டியில் 6 பேர். ஒன்று, இரண்டு, ஆறு! 12 ஆண்டுகளில் ஒன்று இரண்டானது. அடுத்த 12 ஆண்டுகளில் இரண்டு ஆறானது. இந்த இரண்டாவது பாய்ச்சல் வானத்திலிருந்து விழுந்ததா? நிறவாரிக் கணக்குக் கேட்டார்கள், நண்பர்களே! இலக்கு நிர்ணயித்தார்கள். இலக்கை எட்டாததால் 2016இல் விளையாட்டு அமைச்சர், பெரிய போட்டிகளை நாட்டில் நடத்தக் கோரும் உரிமையை ரக்பிச் சங்கத்திடமிருந்து பிடுங்கினார். "அணி நாசமாகிவிடும், தகுதி செத்துவிடும்" என்று அங்கேயும் கூப்பாடு எழுந்தது. நாசமான அணிதான் அடுத்தடுத்து இரண்டு உலகக் கோப்பைகளை வென்றது.

இங்கே ஓர் உண்மையை மறைக்காமல் சொல்ல வேண்டும். கோலிசியே இந்தக் கணக்கு முறையை ஆதரித்தவரல்லர். நிறம் பார்த்து அணியில் சேர்ப்பதை மண்டேலா ஆதரித்திருக்க மாட்டார் என்று 2018 இறுதியில் ஒரு ஜப்பானியச் செய்தி நிறுவனத்திடம் பேசி, தம் மக்களிலேயே பலரின் கோபத்தைச் சம்பாதித்துக்கொண்டார். தகுதிப் பாட்டுக்காரர்கள் இதைப் பிடித்துக்கொண்டு துள்ளுவார்கள். துள்ளட்டும்! ஆனால் அவர் அதோடு நிறுத்தவில்லை. தாம் அந்தப் பள்ளிக்குப் போயிராவிட்டால் சரியாகச் சாப்பிட்டிருக்க மாட்டோம், சரியாக வளர்ந்திருக்கவும் மாட்டோம் என்றார். மாற்றத்தைக் கறுப்பர் குடியிருப்புகளில் தொடங்குங்கள் என்றார். மேலே 15 பேரை எண்ணுவதோடு நின்றுவிடாதீர்கள், கீழே லட்சம் பிள்ளைகளின் தட்டைப் பாருங்கள் என்பதே அதன் பொருள். இது இடஒதுக்கீட்டுக்கு எதிரான வாதமா? அதைவிடப் பெரிய கோரிக்கை அல்லவா! கணக்குக் கேளாமல் கதவு திறக்காது. சோறு போடாமல் திறந்த கதவுக்குள் நுழையப் பிள்ளைக்குத் தெம்பு இருக்காது. இரண்டில் ஒன்றைக் காட்டி மற்றதை மறுப்பவன் இரண்டையுமே தர விரும்பாதவன்.

தமிழ்நாட்டுக்கு இது புரியாத பாடமல்ல. 1920இல் சென்னை மாநகராட்சி, தியாகராயர் தலைமையில், ஆயிரம் விளக்குப் பள்ளிப் பிள்ளைகளுக்கு மதிய உணவு போட்டது. 1921இல் வகுப்புவாரி அரசாணை வந்தது. காமராசர் 1950களில் மதிய உணவை மாநிலம் முழுதும் கொண்டுபோனார். எம்.ஜி.ஆர். 1982இல் சத்துணவாக்கினார். 2022இல் காலை உணவும் வந்தது. சோறும் இடமும் ஒரே வண்டியின் இரண்டு சக்கரங்கள் என்று நூறாண்டுகளாகத் தெரிந்து வைத்திருக்கும் நாடு நம்முடையது.

தில்லிக்கு மட்டும் புரியவில்லை. 1990இல் மண்டல் குழுப் பரிந்துரையின்படி 27 விழுக்காடு அறிவிக்கப்பட்டபோது, இந்நகரத்து மாணவர்கள் தெருவில் செருப்புக்குப் பாலிஷ் போட்டும் துடைப்பத்தால் கூட்டியும் எதிர்ப்புக் காட்டினார்கள். "எங்கள் தகுதிக்கு இந்த வேலையா?" என்பது அதன் அர்த்தம். அப்படியானால் அந்த வேலை யார் தகுதிக்கு உரியது? இந்நகரத்தில் ஆண்டாண்டுக் காலமாகப் பாத்திரம் தேய்த்து, வீடு பெருக்கி வாழும் நம் தாய்மார்களின் தகுதிக்கா?

நம் தாய்மார்கள் என்றேன். அவர்களில் பலர் குடியிருந்த இடத்தின் கதையும் விளையாட்டோடு பின்னியதுதான். 2010 அக்டோபரில் தில்லியில் காமன்வெல்த் போட்டி நடந்தது. தில்லிப் பல்கலைக்கழக மைதானத்தில் எழுவர் ரக்பி நடந்தது. தென் ஆப்பிரிக்க அணி வெண்கலம் வென்று போனது. போட்டி வருமுன், அந்த ஏப்ரலிலேயே, ஜங்புராவில் பாராபுல்லா வாய்க்காலை ஒட்டி வாழ்ந்த முந்நூறுக்கு மேற்பட்ட தமிழ்க் குடும்பங்களின் வீடுகள் இடிக்கப்பட்டன. பெரும்பாலோர் தலித் மக்கள். எதற்காக? விளையாட்டு பார்க்க வருவோரின் வண்டிகளை நிறுத்த! ஸ்வீடேப் பையனுக்கு விளையாட்டு ஒரு வாசலைத் திறந்தது. ஜங்புராப் பையனின் வாசலையே விளையாட்டு பெயர்த்துக்கொண்டு போனது.

15 ஆண்டுகள் கழித்து, 2025 ஜூன் 1 அன்று, அதே வாய்க்கால் ஓரத்தில் மதராசி கேம்ப்பும் விழுந்தது. வாய்க்காலைத் தூர்வார வேண்டும் என்ற உயர்நீதிமன்ற உத்தரவின்படி சுமார் 370 வீடுகள் இடிக்கப்பட்டன. மாற்று வீட்டுக்குத் "தகுதி" பெற்றவை 189 குடும்பங்கள் என்றது பட்டியல். பார்த்தீர்களா, இங்கேயும் அதே சொல்! அறுபது ஆண்டு வாழ்ந்தவர்களுக்கு இந்நகரத்தில் ஒரு கூரைக்குத் தகுதி உண்டா என்று தராசு தூக்கினார்கள். பாதிப்பேரைத் தராசு கீழே தள்ளியது.

தகுதி பெற்றவர்களுக்குக் கிடைத்த வீடு எங்கே? நகரத்தின் வடகோடியில், நரேலாவில். தாயின் வேலை தெற்கே. பிள்ளை தமிழ் கற்ற பள்ளி தெற்கே. வீடு மட்டும் வடக்கே. விடியுமுன் பஸ் ஏறி, இரவில் திரும்பும் தாய்க்குப் பிள்ளையின் தட்டைப் பார்க்க நேரமேது? பள்ளிக்கும் வீட்டுக்கும் இடையில் பொழுதைத் தொலைக்கும் பிள்ளைக்கு மைதானத்தில் ஓட நேரமேது? பத்தாண்டு கழித்து இதே பிள்ளை ஒரு தேர்வில் இரண்டு மதிப்பெண் குறைந்து நின்றால், "தகுதி போதவில்லை" என்று எழுதுவார்கள். தகுதியை வேரோடு பிடுங்கியவனே, செடி வாடியதற்குச் செடியைக் குற்றம் சொல்லுவான்!

கோலிசியின் கதையை "முயன்றால் முடியும்" என்று பள்ளி விழாவில் சொல்லிக் கைதட்டி முடிப்பவர்களிடம் ஒன்று கேட்கிறேன். அன்று அந்தச் சிறுவர் போட்டிக்கு அந்த ஒருவர் வராமல் போயிருந்தால்? அவர் பார்வை பக்கத்துப் பையன் மேல் விழுந்திருந்தால்? ஸ்வீடேயில் அதே பசியோடு, அதே வேகத்தோடு ஓடிய மற்றப் பிள்ளைகள் இன்று எங்கே? ஒருவர் கோப்பையைத் தூக்கியதைக் கொண்டாடலாம். ஆயிரம் பேர் தொலைந்ததை அதனால் மூடிவிடக் கூடாது. கோலிசி இதை மறக்கவில்லை. 2020இல் அவர் தொடங்கிய அறக்கட்டளை, தொற்றுநோய்க் காலத்தில் முதலில் கையிலெடுத்த வேலைகளுள் ஒன்று ஏழைகளுக்கு உணவு கொடுப்பது. உலகக் கோப்பை வென்றவனுக்கே தகுதி எங்கிருந்து முளைக்கிறது என்று தெரிகிறது.

நமக்கும் தெரிய வேண்டும். ஆண்டுவிழா நடத்துகிறோம், பொங்கல் வைக்கிறோம், ஊரிலிருந்து வரும் பிரமுகருக்குப் பொன்னாடை போர்த்துகிறோம். வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் நரேலாவுக்குப் போன நம் பிள்ளைகளில் பள்ளியை விட்டவர் எத்தனை பேர் என்ற கணக்கு நம்மிடம் உண்டா? பட்டியலில் இடம் பெறாத குடும்பங்களின் பிள்ளைகள் எங்கே படிக்கிறார்கள்? தமிழர் பெயரால் நடக்கும் அமைப்புகள் ஒன்றுகூடி வீடு வீடாகப் போய் அந்தக் கணக்கை எடுக்க வேண்டும். எடுத்த கணக்கோடு பள்ளி வண்டியும், தமிழ் வகுப்பும், பிள்ளைகள் ஓடியாட ஒரு திடலும் கேட்டு, தில்லி அரசின் கதவையும் தமிழக அரசின் கதவையும் தட்ட வேண்டும். கெஞ்சியல்ல, உரிமையோடு.

அடுத்த முறை கல்யாணப் பந்தியில் ஒருவர், "விளையாட்டிலும் ஒதுக்கீடு கேட்பீர்களா?" என்று கேட்டால் கோபப்படாதீர்கள். அவர் இலையில் இன்னும் ஒரு கரண்டி சோறு போடுங்கள். போட்டுவிட்டுக் கேளுங்கள்: "ஐயா, உங்கள் தகுதிக்குச் சின்ன வயதில் சோறு போட்டது யார்? அந்தச் சோறு நரேலாப் பிள்ளைக்கும் கிடைக்கட்டும். பிறகு ஆட்டம் ஆடிப் பார்ப்போம்."