ரெண்டு நிலாவும் அம்மாவின் கண்ணும்

மக்களே, இன்னிக்குக் கொஞ்சம் கோபமாத்தான் எழுதப் போறேன். சொந்தக்காரங்க யாராவது படிச்சு வருத்தப்பட்டா, படட்டும்.

2025 ஆகஸ்ட் 26, ராத்திரி பன்னிரண்டரை மணி. தண்ணி குடிக்க எழுந்தேன். அம்மாவையும் காணோம், பையனையும் காணோம். பதறிப்போய் மொட்டை மாடிக்கு ஓடினா, மழையில நனைஞ்ச தரையில 74 வயசு அம்மா பேரன் கையைப் பிடிச்சுக்கிட்டு அண்ணாந்து நிக்கிறாங்க. குடும்ப வாட்ஸப் குரூப்பில் வந்த செய்தியாம்: செவ்வாய் கிரகம் முழுநிலா அளவுக்குத் தெரியும், வானத்தில் ரெண்டு நிலா, விட்டால் 2287இல்தான். தெரிஞ்சதெல்லாம் மேகம். இறங்கி வந்துட்டோம்.

காலையில் குரூப்பில் ஒரு சொந்தக்காரர், "நாங்கள் பார்த்தோம், அற்புதம்!" என்று படத்தோடு போட்டார். கீழே இருபது கும்பிடு. அதுக்கப்புறம்தான் அம்மா கேட்டாங்க: "ஆபரேஷன் பண்ணுன கண்ணு சரியில்லையோ தம்பி? எல்லாருக்கும் தெரிஞ்சிருக்கு, எனக்கு மட்டும் தெரியலையே."

செய்தி மேல் அவங்களுக்குச் சந்தேகமே வரலை. கண்ணு மேலதான் வந்தது. என் கோபம் அதுக்குத்தான்.

நான் வெறும் பி.காம். வானியல் தெரியாது, கணக்குப் போடத் தெரியும். செவ்வாயின் விட்டம் நிலாவைப்போல ஏறக்குறைய ரெண்டு மடங்கு. அப்போ நிலா அளவுக்குத் தெரியணும்னா, நிலா இருக்கிற தூரத்தைப்போல ரெண்டு மடங்கில், அதாவது சுமார் ஏழரை லட்சம் கிலோமீட்டரில் அது வந்து நிக்கணும். 2003 ஆகஸ்ட் 27 அன்று, சுமார் 60,000 வருஷத்தில் இல்லாத அளவுக்கு அது நெருங்கி வந்தது. அப்பவே தூரம் 5 கோடியே 57 லட்சம் கிலோமீட்டர்! 75 மடங்கு பெரிதாக்கும் தொலைநோக்கியில் பார்த்தால், வெறும் கண்ணுக்கு நிலா தெரியுற அளவில் தெரியும் என்று அப்போ எழுதினாங்க. யாரோ தொலைநோக்கியை வெட்டிட்டு மிச்சத்தை ஈமெயிலில் அனுப்பினாங்க. வருஷத்தையும் எடுத்துட்டாங்க. அன்னையிலிருந்து ஆகஸ்ட் தவறாமல் வருது.

"விடுங்க சார், ஒரு தமாஷ். இதனால என்ன நஷ்டம்?" என்பார்கள். சொல்றேன். அம்மாவுக்குத் தெலுங்கு வராது. பகல் முழுக்க நாலு சுவருக்குள்ள இருக்காங்க. அந்த குரூப்தான் அவங்களுக்குத் தெரு, திண்ணை, கோயில் வாசல் எல்லாம். அங்கே பெரியப்பா பேரனும் சின்னம்மா மருமகளும் சொன்னா அது சத்தியம். நாளைக்கு அதே குரூப்பில் "சர்க்கரைக்கு மாத்திரையை நிறுத்துங்கள்" என்று வந்தாலும் அவங்க நம்புவாங்க. பேங்கில் கையெழுத்தைச் சரிபார்க்காமல் செக்கைப் பாஸ் பண்ணினால் என் வேலை போகும். இங்கே யாருக்கு என்ன போகுது?

இன்னொரு கூட்டம், "நம்ம பாரம்பரியத்தை மறந்தவனுக்கு இது புரியாது" என்கும். பாரம்பரியமே பேசுவோமே. மறுநாள் விநாயகர் சதுர்த்தி. சதுர்த்தின்னா அமாவாசை கழிந்த நாலாம் திதி. வளர்பிறையின் ஆரம்பத்தில் பிறை சாயங்காலம் மேற்கே தெரிஞ்சு சீக்கிரம் மறைஞ்சிடும் என்பது எங்க அப்பத்தாவுக்கே தெரியும். நாலாம் பிறையைப் பார்த்தா நாய் படாத பாடு என்று சொன்னவங்க, அது எப்போ எங்கே தெரியும் என்றும் தெரிஞ்சு வச்சிருந்தாங்க. அன்னிக்குச் சாயங்காலம் செவ்வாய் அந்தப் பிறைக்குப் பக்கத்திலேயே சின்னப் புள்ளியாத்தான் இருந்தது. ரெண்டும் ஒன்பது மணிவாக்கில் இறங்கிடுச்சு. ரெண்டு நிலா தெரியும்னு சொன்ன நேரத்தில் வானத்தில் ஒரு நிலாகூட இல்லை! காலண்டரில் திதியைப் பார்த்திருந்தாலே பொய் உடைஞ்சிருக்கும். எங்க வீட்டுச் சமையலறையில் தொங்குது அந்தக் காலண்டர். நானும் பார்க்கலை.

2024லும் இதே கூத்து. சுமார் பத்து மீட்டர் அளவுள்ள ஒரு கல், 2024 பி.டி.5, செப்டம்பர் 29 முதல் நவம்பர் 25 வரை பூமியோடு ஒட்டி வந்தது. பெரிய தொலைநோக்கி இல்லாமல் தெரியாது. அந்த வகைக் கற்களுக்கு வானியலாளர்கள் வைத்த பெயர் அர்ஜுனா. போதாதா? "ரெண்டாவது நிலா, மகாபாரதத்திலேயே இருக்கு" என்று வந்துடுச்சு.

இத்தனைக்கும் நாங்க குடியிருப்பது தேசிய புவி இயற்பியல் ஆராய்ச்சி நிறுவனம் இருக்கிற ஹப்சிகுடாவில். 1901லேயே நிஜாமியா வானாய்வகம் வந்த நகரம் இது. நிஜமாவே ரெண்டு நிலா பார்க்கணும்னா செவ்வாய்க்குத்தான் போகணும். ஃபோபோஸ், டைமோஸ் என்று அதுக்குத்தான் ரெண்டு. நம்ம மங்கள்யான் ரெண்டையும் படம் பிடிச்சு அனுப்பியிருக்கு. அதை எத்தனை பேர் ஃபார்வர்ட் பண்ணினோம்?

ஊரை விட்டு வந்து, பெத்தவங்க கையில் போனைக் கொடுத்துட்டு ஆபீஸ் போற நம்ம எல்லாருக்கும் இதில் பங்கு இருக்கு. எனக்கும்தான். அம்மா போனில் என்ன வருதுன்னு நான் ஒரு நாளும் கேட்டதில்லை. இப்போ ராத்திரி சாப்பாட்டுக்கு அப்புறம் பத்து நிமிஷம் சேர்ந்து உட்கார்ந்து பார்க்கிறோம்.

கண் டாக்டரிடம் கூட்டிட்டுப் போனேன். பார்வை நல்லா இருக்குன்னார். அம்மா முழுசா நம்பலை.

அதனால "நாங்கள் பார்த்தோம்" என்று போட்ட சொந்தக்காரருக்கு ஒரே ஒரு வேண்டுகோள். குரூப்பில் மன்னிப்பெல்லாம் வேண்டாம். அம்மாவுக்கு ஒரு போன் பண்ணி, "அத்தை, நானும் பார்க்கலை"ன்னு சொல்லுங்க. போதும்.