பெரிய தொட்டி எதற்கு?

ஈரம் காயாத வைக்கோலைப் போர் போடக் கூடாது என்று உழவர்கள் சொல்வார்கள். மீறிப் போட்டால், சில நாள் கழித்துப் போருக்குள் கையை விட்டுப் பாருங்கள், சுடும்! ஈரத்தில் பெருகும் நுண்ணுயிர்கள் வெப்பத்தை உண்டாக்குகின்றன. யாரும் தீ வைக்காமலே போர் புகைந்து எரிந்துவிடுவதும் உண்டு. அதே ஈர வைக்கோலைக் களத்தில் மெல்லியதாகப் பரப்பி வைத்தால் ஒன்றும் ஆவதில்லை. வைக்கோலும் ஒன்றுதான், ஈரமும் ஒன்றுதான். பின் வேறுபாடு எங்கே இருக்கிறது?

குவியலின் அளவில் இருக்கிறது. பக்கம் 1 மீட்டர் உள்ள கனசதுரத் தொட்டி ஒன்றை எடுத்துக்கொள்வோம். அதன் கன அளவு 1 கன மீட்டர்; மேற்பரப்பு 6 சதுர மீட்டர். பக்கத்தை 10 மீட்டர் ஆக்கினால் கன அளவு 1,000 கன மீட்டராகிறது; மேற்பரப்போ 600 சதுர மீட்டர்தான். வெப்பம் பொருள் முழுவதிலும் உண்டாகிறது. ஆனால் வெளியேறுவது மேற்பரப்பு வழியாக மட்டுமே. சிறிய தொட்டியில் ஒரு கன மீட்டர் பொருளுக்கு 6 சதுர மீட்டர் வாசல் இருந்தது. பெரிய தொட்டியில் அது 0.6 ஆகக் குறுகிவிட்டது.

இன்னொன்றும் உண்டு. நியூட்டனின் குளிர்தல் விதியைப் படித்திருப்பீர்கள். வெப்பம் வெளியேறும் வேகம் வெப்பநிலை வேறுபாட்டுக்கு ஏற்ப நேர் விகிதத்தில் கூடுகிறது. வரைபடத்தில் அது ஒரு நேர்கோடு. வேதிவினையின் வேகம் அப்படி அன்று. வெப்பநிலை 10 டிகிரி உயர்ந்தால் அது பெரும்பாலும் ஏறத்தாழ இரு மடங்காகும். 20 டிகிரிக்கு நான்கு மடங்கு. 30 டிகிரிக்கு எட்டு மடங்கு! இது வளைகோடு. வளைகோடு நேர்கோட்டைத் தாண்டி மேலே போய்விட்டால், பிறகு தொட்டி தானாகக் குளிராது. சூடு வினையைத் தூண்டும். வினை சூட்டைக் கூட்டும்.

1984 டிசம்பர் 2 ஆம் தேதி இரவு போபால் நகரில் யூனியன் கார்பைடு ஆலையின் நிலத்தடித் தொட்டி ஒன்றில் நடந்தது இதுதான். பூச்சிமருந்து தயாரிக்க வேண்டிய மெதில் ஐசோசயனேட் என்ற திரவம் 40 டன்னுக்கு மேல் அதில் இருந்தது. அதன் கொதிநிலை வெறும் 39 டிகிரி செல்சியஸ். தொட்டிக்குள் தண்ணீர் புகுந்து திரவத்துடன் வினைபுரிந்தது. தண்ணீர் எப்படிப் புகுந்தது என்பதில் இன்றும் சர்ச்சை இருக்கிறது. ஆனால் அந்த வழக்கு எப்படி முடிந்தாலும் தொட்டியின் அளவு மாறப்போவதில்லை. என் கவலை அதைப் பற்றியதே.

காவலுக்கு அங்கே கருவிகள் இல்லாமல் இல்லை. தொட்டியைக் குளிர்விக்கும் இயந்திரம் இருந்தது. பல மாதங்களுக்கு முன்பே அதை நிறுத்திவிட்டார்கள். வெளியேறும் வாயுவை எரிக்கும் கோபுரம் இருந்தது; பழுதுபார்ப்பதற்காக அதன் குழாயைக் கழற்றியிருந்தார்கள். வாயுவைக் காரக் கரைசலால் கழுவும் கோபுரமும் இருந்தது. அது அவ்வளவு பெரிய வாயுவெள்ளத்துக்காகக் கட்டப்பட்டதன்று. தண்ணீரைப் பீச்சி அடித்தார்கள். வாயு அதைவிட உயரத்தில் வெளியேறிக்கொண்டிருந்தது. மெதில் ஐசோசயனேட்டின் மூலக்கூறு எடை 57, காற்றின் சராசரி 29. ஏறக்குறைய இரு மடங்கு கனமான அந்த ஆவி தரையோடு தரையாகப் பரவி, குடிசைகளில் உறங்கியவர்களைச் சூழ்ந்தது. மத்தியப் பிரதேச அரசு உறுதிசெய்த இறப்புக் கணக்கு 3,787. உண்மை அதைவிடப் பல மடங்கு என்று பாதிக்கப்பட்டோர் சொல்லி வருகிறார்கள்.

இந்தப் பட்டியலைப் பார்ப்பவர்கள், ‘கருவிகளைச் சரியாகப் பராமரித்திருந்தால் போதுமே’ என்பார்கள். பராமரிக்கத்தான் வேண்டும். ஆனால் அதோடு நிறுத்திக்கொள்வது போதாது என்பது என் கருத்து. கருவி பழுதாகும், சிக்கனம் என்று சொல்லி யாரோ அதன் பொத்தானை அணைப்பார்கள். பொருள் குறைவாக இருப்பது என்பது அணைக்க முடியாத காவல். பிரிட்டனில் ஃபிளிக்ஸ்பரோ ஆலை 1974 ஆம் ஆண்டு வெடித்து 28 பேர் இறந்த பிறகு, டிரெவர் கிளெட்ஸ் என்ற பாதுகாப்பு வல்லுநர் இதைத்தான் வலியுறுத்தி வந்தார். போபாலுக்குப் பல ஆண்டுகளுக்கு முன்பே!

அதிகம் சேமித்து வைத்தால் ஒரு பகுதி நின்றாலும் உற்பத்தி நிற்காது என்பது ஆலைக்காரர்களின் வாதம். வசதிதான், மறுக்கவில்லை. ஆனால் போபாலுக்குப் பிறகு அமெரிக்காவின் டூபாண்ட் நிறுவனம் தன் டெக்சாஸ் ஆலையில் மெதில் ஐசோசயனேட்டைத் தயாரித்த உடனேயே பயன்படுத்திவிடும் முறையைக் கொண்டுவந்தது. குழாய்களுக்குள் எந்நேரமும் மிகச் சிறிய அளவே இருக்கும். முடியாத காரியம் அன்று என்பது தெரிகிறதல்லவா? இதையும் சொல்லிவிட வேண்டும்: அதே ஆலை வளாகத்தில் 2014 இல் வேறொரு நச்சு வாயு கசிந்து நான்கு தொழிலாளர்கள் இறந்தார்கள். ஒரு பொருளைக் குறைத்தால் மற்றொன்றை மறந்துவிடலாம் என்பதில்லை.

நம் நாட்டில் 2020 மே 7 அன்று விசாகப்பட்டினத்தில் எல்.ஜி. பாலிமர்ஸ் ஆலையிலிருந்து ஸ்டைரீன் ஆவி வெளியேறி 12 பேர் இறந்தனர். கொரோனா ஊரடங்கால் ஆலை மூடிக் கிடந்தது. தொட்டி மட்டும் நிறைந்திருந்தது. ஸ்டைரீன் மூலக்கூறுகள் ஒன்றோடொன்று இணையும்போது வெப்பம் வெளிப்படும். அந்தத் தொட்டியில் வெப்பமானி அடிப்பகுதியில்தான் இருந்தது. சூடான திரவம் எங்கே போகும்? எட்டாம் வகுப்பு மாணவனும் சொல்வான், மேலே போகும் என்று. கீழே குளிர்ச்சி காட்டிக்கொண்டிருக்க, மேலே கொதி நிலையை நோக்கி ஏறிக்கொண்டிருந்தது. அபாயச் சங்கை ஒலிக்க ஆலைக்குள் 36 இடங்களில் பொத்தான்கள் இருந்தன என்றும், அவற்றில் ஒன்றைக்கூட யாரும் அழுத்தவில்லை என்றும் ஆந்திர அரசின் விசாரணைக் குழு கண்டறிந்தது.

2023 டிசம்பரில் எண்ணூரில் கடலடிக் குழாய் ஒன்றிலிருந்து அம்மோனியா கசிந்தபோதும் மக்கள் நள்ளிரவில் வீடுகளை விட்டு ஓடினார்கள். ஓடும் திசையை யார் அவர்களுக்குச் சொல்லியிருக்க வேண்டும்? 1989 இல் மத்திய அரசு வெளியிட்ட அபாயகர வேதிப்பொருள் விதிகளில் இதற்கு விடை உண்டு. எந்த வகை ஆபத்து வரக்கூடும், வந்தால் என்ன செய்ய வேண்டும் என்பதைச் சுற்றியுள்ள மக்களுக்கு ஆலை முன்கூட்டியே அறிவிக்க வேண்டும் என்கின்றன அவை. ஆலைக்கருகே பள்ளி இருந்தால் ஆசிரியர்களுக்கும் மாணவர்களுக்கும் இது தெரிந்திருக்க வேண்டாமா?

உங்கள் ஊருக்கருகே ஆலையோ, அம்மோனியாவால் இயங்கும் குளிர்பதனக் கிடங்கோ, குளோரின் உருளைகள் வைத்திருக்கும் குடிநீர் நிலையமோ இருக்கலாம். ஆசிரியரின் துணையோடு அங்கே சென்று மூன்று கேள்விகள் கேளுங்கள். என்ன பொருள் வைத்திருக்கிறீர்கள்? ஒரே இடத்தில் எத்தனை டன்? அபாயச் சங்கு ஒலித்தால் நாங்கள் வீட்டுக்குள் கதவடைத்து இருக்க வேண்டுமா, காற்றுக்குக் குறுக்காக வெளியேற வேண்டுமா? போபாலில் முகத்தில் ஈரத்துணியைப் போட்டுக்கொள்ளுங்கள் என்று சொல்லக்கூட அன்றிரவு ஆளில்லை.