41-ஆவது திருடன் யார்?

புதுப்படம் வந்த மறுநாளே "முழுப்படம் இருக்குடா" என்று ஒரு ஃபைல் வீட்டு போனுக்கு வந்துவிடுகிறது. சும்மாதானே கிடைக்குது, பார்த்தா என்ன என்கிறார்கள். தொடவே கூடாது என்பதுதான் என் கட்சி.

முதலில் பாதுகாப்பு. ஃபைல் பெயரின் வாலைப் பாருங்கள். வீடியோ என்றால் பெரும்பாலும் எம்பி4, எம்கேவி என்று முடியும். ஏபிகே என்று முடிந்தால் அது படமே இல்லை, செயலி! அது கேட்பதற்கெல்லாம் 'சரி, சரி' என்று அமுக்கினால், அம்மா போனுக்கு வரும் வங்கி ஓடிபியைக் கூடப் படித்துவிடும்.

அடுத்து சட்டம். 2024 ஜூலையில் திருவனந்தபுரம் தியேட்டரில் 'ராயன்' படத்தை செல்போனில் பிடித்தவரை, கேரள சைபர் போலீஸ் அங்கேயே பிடித்தது. 2023-ல் திருத்திய ஒளிப்பதிவுச் சட்டப்படி இதற்கு 3 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை. அபராதமே 3 லட்சத்தில்தான் ஆரம்பம்!

தமிழின் முதல் முழுநீள வண்ணப்படம் 'அலிபாபாவும் 40 திருடர்களும்' (1956). எடுத்தது நம்ம சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ். அதன் வளைவு ஏற்காடு ரோட்டில் இன்றும் நிற்கிறது. சினிமாவுக்கு உழைத்த ஊர்க்காரர்கள் நாம். 41-ஆவது திருடன் ஆகலாமா?

பெரியவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். தெரியாமல் அமுக்கிவிட்டேன் என்று வருகிறவனை உடனே திட்டாதீர்கள். திட்டுக்குப் பயந்து மறைக்கும் நேரத்தில்தான் பணம் போகிறது. முதலில் நெட்டை நிறுத்துங்கள், பணம் போயிருந்தால் 1930-க்கு போன் போடுங்கள். திட்டுவதை அப்புறம் வைத்துக்கொள்ளலாம்!