கம்ப்யூட்டருக்கு ஜாதி உண்டா?

அடையாறு கடலில் கலக்கின்ற இடத்திற்கு அருகே, ராஜா அண்ணாமலைபுரத்தைச் சேர்ந்த எம்.ஆர்.சி. நகரில், உயர்ந்த கட்டிடங்கள் பல எழும்பி நிற்கின்றன. அவற்றுள் ஒன்றிலிருந்துதான் மாட்ரிமோனி டாட் காம் என்கின்ற கலியாணக் கம்பெனி நடந்து வருகின்றது. அதற்கு வடக்கே மயிலாப்பூர். அது ஜாதகம் பார்ப்பவர்களுக்கும் முகூர்த்தம் குறிப்பவர்களுக்கும் பேர்போன இடம். மேற்கே தியாகராய நகர். அது கலியாணப் புடவைக்கும் நகைக்கும் பேர்போன இடம். முன்பெல்லாம் பெண்ணைப் பெற்றவன் தரகன் வீட்டுக்கும் ஜோசியன் வீட்டுக்கும் நடந்து செருப்புத் தேய்ந்தான். இன்று வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்துகொண்டு கட்டை விரல் தேய்கின்றான். தேடுகின்ற விதம் மாறியிருக்கின்றது. தேடப்படுகின்ற வஸ்து மாறியிருக்கின்றதா என்பதே நமது கேள்வி.

இந்தக் கம்பெனியை ஏற்படுத்திய திரு. முருகவேல் ஜானகிராமன் அவர்களின் வரலாறு நமது வாலிபர்கள் தெரிந்துகொள்ள வேண்டியதாகும். அவர் வடசென்னை ராயபுரத்தில் வளர்ந்தவர். தகப்பனார் சென்னைத் துறைமுகத்தில் வேலை செய்த தொழிலாளி. மகன் மாநிலக் கல்லூரியில் புள்ளியியல் படித்தார். பிறகு சென்னைப் பல்கலைக்கழகத்தில் கம்ப்யூட்டர் படிப்பில் எம்.சி.ஏ. பட்டம் பெற்றார். சென்னையிலும் சிங்கப்பூரிலும் வேலை பார்த்துவிட்டு அமெரிக்கா சென்றார். அங்கே 1997ல், வேலை நேரம் போக மிஞ்சிய நேரத்தில், அமெரிக்காவில் வாழும் தமிழர்களுக்காக சிஸ்இந்தியா என்று ஓர் இணையப் பக்கம் தொடங்கினார். தமிழ்க் காலண்டர், பண்டிகை நாட்கள், வரன் விளம்பரம் முதலியவைகள் அதில் இருந்தன. வந்தவர்களில் பெரும்பாலோர் வரன் பகுதிக்கே போவதைக் கண்டார். அதிலிருந்து பிறந்ததுதான் பாரத் மாட்ரிமோனி. இணையக் கம்பெனிகள் சீட்டுக்கட்டுப்போல் சரிந்த காலத்தில் அவருக்குச் சம்பள வேலை போயிற்று. அவர் தலையில் கைவைத்துக்கொண்டு உட்காரவில்லை. தாம் தொடங்கிய காரியத்தையே முழுநேர வேலையாக எடுத்துக்கொண்டார். 2006ல் யாகூவும் கனான் என்ற முதலீட்டுக் கம்பெனியும் 86½ லட்சம் டாலர் பணம் போட்டன. வீடு-மனை விற்பனைக்கு ஒரு பக்கம், வேலை தேடுவோருக்கு ஒரு பக்கம் என்று வேறு கடைகளும் வைத்துப் பார்த்தார். அவற்றுள் எதுவும் கலியாணக் கடைக்கு ஈடாக வளரவில்லை. 2017 செப்டம்பரில் ஒரு பங்கு 985 ரூபாய் விலையில், சுமார் 500 கோடி ரூபாய்க்குப் பொதுமக்களுக்குப் பங்கு விற்கப்பட்டது.

துறைமுகத் தொழிலாளியின் மகன் இவ்வளவு தூரம் வந்ததைப் பற்றி நாம் மிகவும் மகிழ்ச்சி அடைகின்றோம். அதை வெளிப்படையாகச் சொல்லவும் நாம் கூச்சப்படவில்லை. ஆனால் நம் நாட்டில் ஒருவன் முன்னுக்கு வந்துவிட்டால் உடனே "எல்லாம் அவன் ஜாதக விசேஷம்", "கொடுத்து வைத்தவன்" என்று சொல்லுவதற்குக் கூட்டம் தயாராயிருக்கும். நாம் கேட்கின்றோம்: அவர் பிறந்த அதே நாளில், அதே நாழிகையில், சென்னையிலுள்ள பிள்ளைப்பேற்று ஆஸ்பத்திரிகளில் எத்தனை குழந்தைகள் பிறந்திருக்கும்? அத்தனை பேருக்கும் ஒரே கிரகம்தானே? அத்தனை பேரும் ஏன் கம்பெனி வைக்கவில்லை? அவரைத் தூக்கிவிட்டது கிரகமல்ல. சர்க்கார் கல்லூரி ஒன்று, கூலிக்காரன் மகனும் உள்ளே வரலாம் என்று கதவைத் திறந்து வைத்திருந்தது. அந்தக் கதவு தானாகத் திறந்ததல்ல. "இவனுக்குப் படிப்பு எதற்கு?" என்று கேட்டவர்களோடு நம்மவர்கள் ஆண்டுக்கணக்காகப் போராடித் திறக்க வைத்தது. படிப்பும், உழைப்பும், விழுந்த இடத்தில் எழுந்து நின்ற தைரியமுமே அவரது மூலதனம்.

நிற்க, இப்படிப் பகுத்தறிவினால் மேலே வந்த ஒருவரது கடையில் விற்கப்படுகின்ற சரக்கு என்ன என்று பார்ப்போம்.

கலியாணம் வேண்டுவோர் இலவசமாகப் பெயரைப் பதிந்துகொள்ளலாம். எதிர்த்தரப்பாரின் டெலிபோன் நெம்பர் முதலியவை வேண்டுமானால் பணம் கட்ட வேண்டும். இதில் குற்றமொன்றுமில்லை. ஆனால் பதிகின்றபோது மதம், ஜாதி, உட்பிரிவு, நட்சத்திரம், ராசி, தோஷம் என்று கட்டம் கட்டமாகக் கேட்கப்படுகின்றது. இதுவும் போதாதென்று ஜாதிக்கொரு பக்கமாக முந்நூறுக்கும் மேற்பட்ட தனித்தனிப் பக்கங்களைத் திறந்து வைத்து, கம்யூனிட்டி மாட்ரிமோனி என்று பெயரும் வைத்திருக்கின்றார்கள். மனு எழுதியவனுக்குக்கூட இவ்வளவு ஒழுங்காக ஜாதிகளை அடுக்கி வைக்கத் தெரியவில்லை என்றே சொல்ல வேண்டும். ஊரில் அக்ரகாரம் ஒரு பக்கம், சேரி ஒரு பக்கம் என்றிருந்தது. அதற்காவது ஊரில் இடம் வேண்டும். இங்கே இடமே வேண்டியதில்லாமல் முந்நூறு தெருக்கள் போட்டாய்விட்டது.

பொருத்தம் பார்ப்பதையும் கம்ப்யூட்டரே செய்கின்றது. இதில் ஒரு லாபம் உண்டு என்பதை ஒப்புக்கொள்ளுகின்றோம். "பரம்பரை ஞானம்", "குருவருள்" என்று சொல்லி ஜோசியன் தட்சணை வாங்கின வித்தையை ஒரு யந்திரம் கண்மூடித் திறப்பதற்குள் செய்து முடிக்கின்றது. அப்படியானால் அதில் ஞானமுமில்லை, அருளுமில்லை, வெறும் கூட்டல் கழித்தல்தான் என்பது ருசுவாகிவிட்டது. ஆனால் தப்புக் கணக்கை வேகமாகப் போட்டால் அது சரிக்கணக்கு ஆகிவிடுமா?

செவ்வாய் தோஷத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். லக்கினத்திலிருந்து 2, 4, 7, 8, 12 ஆகிய இடங்களில் செவ்வாய் நின்றால் தோஷம் என்கின்றார்கள். மொத்த வீடுகள் பன்னிரண்டு. அதில் ஐந்து வீடு தோஷ வீடு. அப்படியானால் பிறக்கின்ற மனிதர்களில் ஏறக்குறைய நூற்றுக்கு நாற்பது பேருக்குமேல் தோஷக்காரர்கள். சந்திரனிலிருந்தும் சுக்கிரனிலிருந்தும்கூட எண்ண வேண்டும் என்பவர்களின் கணக்கைச் சேர்த்தால் தோஷமில்லாதவர்களைத் தேடித்தான் பிடிக்க வேண்டியிருக்கும். ஊரில் பாதிப்பேருக்கு இருக்கின்ற ஒன்றை "தோஷம்" என்று சொல்லி, ஒரு பெண்ணை முப்பது வயது வரை வீட்டில் உட்கார வைத்துக் கண்ணீர் விடச் செய்வது எவ்வளவு பெரிய கொடுமை! இந்தக் கணக்குக்கு எட்டாம் வகுப்பு படிப்பே போதும். புள்ளியியலில் பட்டம் பெற்றவருக்குத் தெரியாமலா இருக்கும்?

இன்னும் ஒன்று. கம்பெனியின் பங்கை 985 ரூபாய்க்கு விற்றபோது, வாங்க வந்தவனிடம் "நீ என்ன ஜாதி? என்ன நட்சத்திரம்?" என்று கேட்டார்களா? யாகூக்காரன் டாலரைக் கொண்டுவந்து கொட்டினபோது, அவன் கோத்திரம் என்ன என்று விசாரித்தார்களா? பணத்திற்குத் தீட்டு இல்லை, பங்குக்குத் தோஷமில்லை. பெண்ணுக்கும் பிள்ளைக்கும் மாத்திரம்தான் இவையெல்லாம் உண்டு போலும்!

இதே கம்பெனி, கூகுள் என்னும் பெரிய கம்பெனி தேடுகின்றவர்களுக்குப் பாரபட்சமாக விடை காட்டுகின்றது என்று இந்தியப் போட்டி ஆணையத்தில் புகார் செய்தது. 2018 பிப்ரவரியில் ஆணையம் கூகுளுக்கு சுமார் 136 கோடி ரூபாய் அபராதம் விதித்தது. கூகுள் அப்பீலுக்குப் போயிற்று. தேடுகின்ற இடத்தில் எல்லோரையும் சமமாக நடத்த வேண்டும், பெரியவன் தனக்கு வேண்டியதை முன்னே வைத்து மற்றவனைப் பின்னே தள்ளக்கூடாது என்பது மிகவும் நியாயமான வாதம். அந்த நியாயத்தை நாம் முழுமனதுடன் ஆதரிக்கின்றோம். ஆனால் கம்பெனிகளுக்குள் வேண்டுமென்று கேட்ட சமத்துவம், அந்தக் கம்பெனியில் பெயர் பதிந்துள்ள மனிதர்களுக்குள் வேண்டாமா என்றுதான் கேட்கின்றோம்.

இதற்கு வியாபாரிகள் சொல்லக்கூடிய பதில் நமக்குத் தெரியும். "ஜனங்கள் கேட்கின்றார்கள், நாங்கள் கொடுக்கின்றோம்" என்பார்கள். இதில் பாதி உண்மை இருக்கின்றது. உள்ளதை உள்ளபடி சொல்லுவதானால், இந்தப் பக்கங்களால் சில நன்மைகளும் உண்டாகியிருக்கின்றன. மாப்பிள்ளையின் முகத்தைப் பெண் தானே பார்த்து, வேண்டாம் என்றால் வேண்டாம் என்று தானே பதில் சொல்ல முடிகின்றது. விதவைகளும் மணவிலக்குப் பெற்றவர்களும் மூலையில் ஒடுங்காமல் தங்கள் துணையைத் தாங்களே தேட முடிகின்றது. 2022ல் ஒருபாலின விருப்பமுடையவர்கள் முதலியோருக்கென்றே ஒரு செயலியும் இந்தக் கம்பெனி ஆரம்பித்தது. அன்றியும், "ஜாதி தடையில்லை" என்று குறிப்பதற்கும் அந்தப் பக்கத்தில் ஒரு கட்டம் வைத்திருக்கின்றார்கள். அந்தக் கட்டத்தில் கை வைக்கின்றவர்கள் எத்தனை பேர்? இதுதான் நம்மைச் சுடுகின்ற கேள்வி.

சில மாதங்களுக்கு முன் மயிலாப்பூரில் ஒரு தோழர் வீட்டுக்குப் போயிருந்தோம். இருபது வருஷமாக நம்முடைய கூட்டங்களுக்கு வருகின்றவர், ஜாதி ஒழிப்பைப் பற்றி மேடையேறிப் பேசுகின்றவர். மகளுக்கு வரன் தேடுவதாகச் சொல்லி, கைப்பேசியைக் காட்டினார். பார்த்தோம். ஜாதி நிரப்பியிருந்தது. உட்பிரிவு நிரப்பியிருந்தது. நட்சத்திரமும் நிரப்பியிருந்தது. "தடையில்லை" என்ற கட்டம் மாத்திரம் காலியாக இருந்தது. "என்ன தோழரே இது?" என்றோம். "நமக்கு ஒன்றுமில்லை, சொந்தக்காரர்கள் ஒப்ப வேண்டாமா?" என்றார். காப்பி கொண்டுவந்த மகள் நின்று, "அப்பா, கட்டிக்கப்போறது நானா, சொந்தக்காரங்களா?" என்றாள். தோழர் பதில் சொல்லவில்லை. நாமும் சொல்லவில்லை. ஏனென்றால் அவரைக் குற்றம் சொல்லுகின்ற யோக்கியதை நம்மில் எத்தனை பேருக்கு இருக்கின்றது என்று நினைத்தபோது நமக்கும் தலை குனிந்துவிட்டது.

1928ல் அருப்புக்கோட்டைக்கு அருகே சுக்கிலநத்தத்தில் புரோகிதன் இல்லாமல் முதல் சுயமரியாதைத் திருமணம் நடந்தது. அதைச் சட்டம் ஒப்புக்கொள்ளுவதற்கு 1967 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. இன்று இருவர் மாலை மாற்றிக்கொண்டு, தங்களுக்குத் தெரிந்த பாஷையில் ஒருவரையொருவர் ஏற்றுக்கொள்ளுவதாகச் சொன்னால் போதும், அது கலியாணம். புரோகிதன் போய்விட்டான். ஜாதி போயிற்றா? 2011-12ல் நாடெங்கும் எடுக்கப்பட்ட இந்திய மனித மேம்பாட்டு ஆய்வில், வேறு ஜாதியில் மணம் செய்துகொண்டதாகச் சொன்ன பெண்கள் நூற்றுக்கு ஐந்து பேர் அளவே. சட்டம் கதவைத் திறந்துவிட்டது. நாம்தான் வாசற்படியிலேயே நின்று கொண்டிருக்கின்றோம்.

ஆகவே, கம்ப்யூட்டருக்கு ஜாதி உண்டா என்றால், இல்லவே இல்லை. அது நாம் போட்டதை நமக்கே திருப்பிக் கொடுக்கின்ற யந்திரம். உரலில் உமியைப் போட்டுக் குத்திவிட்டு அரிசி வரவில்லையே என்று உரலைத் திட்டிப் பிரயோஜனமில்லை.

திரு. முருகவேல் போன்றவர்களுக்கு நாம் சொல்லுவது ஒன்றே. ஜாதிக்கொரு கடை திறக்க உங்களுக்குத் தெரிந்தது. ஜாதியே கேட்காத கடை ஒன்றை, அதே அளவு புத்தியையும் பணத்தையும் போட்டு நடத்திக் காட்டுங்கள். ஒன்று தோற்றால் இன்னொன்று தொடங்கத் துணிந்த உங்களுக்கு இது பெரிய காரியமல்ல.

வாலிபர்களே! உங்களுக்குச் சொல்லுவது இதைவிடச் சுலபமானது. கடைக்காரன் மாறும் வரை காத்திருக்க வேண்டாம். ஜாதிக் கட்டத்தைக் காலியாக விடுங்கள். நட்சத்திரம் கேட்டால் வானத்தைக் காட்டுங்கள். "தடையில்லை" என்ற கட்டத்தில் உங்கள் விரலை வையுங்கள். பெற்றோர்கள் தடுத்தால், அவர்கள் மேடையில் பேசியதை அவர்களுக்கே எடுத்துச் சொல்லுங்கள். ஐந்து பேர் ஐம்பது பேரானால், முந்நூறு கடைகளும் வாங்குவாரின்றித் தாமாகவே மூடிக்கொள்ளும்.